அப்பா விட்டுப்போன புலித்தோலைக் கோயிலுக்குக் கொண்டு வராதீங்க

பதிவு நீளம், பொறுமையா படிங்க. கொஞ்சம் கோபத்தோடதான் எழுதுறோம். வார்த்தை எங்கயாவது தடிச்சிருந்தா பெரியவங்க மன்னிக்கணும், ஆனா சொல்ல வந்த விஷயத்தை மாத்திச் சொல்லப் போறதில்ல.

கொஞ்ச மாசத்துக்கு முன்னாடி ஒரு வெள்ளிக்கிழமை. சாயங்கால பூஜைக்கு நாங்க பூ கட்டிக்கிட்டு இருந்தோம். ஒரு அக்கா மகனோட வந்தாங்க. கையில பழைய தலையணை உறை, அதுக்குள்ள என்னமோ சுருட்டி வச்சிருந்தாங்க. அவங்க அப்பா காலமாகி பதினாறாம் நாள் காரியம் முடிஞ்சு ரெண்டு வாரம்தான் ஆகியிருந்துச்சு. வீட்டை ஒதுங்க வைக்கும்போது அலமாரி மேல இருந்து கிடைச்சதாம். பிரிச்சுக் காட்டினாங்க. புலித்தோல். தலை இல்ல, ஒரு ஓரம் பூச்சி அரிச்சிருக்கு, ஆனா வரியெல்லாம் இன்னும் பளிச்சுனு இருக்கு.

"அண்ணே, வீட்டுல வச்சிக்க பயமா இருக்கு. கோயிலுக்கு உபயமா எடுத்துக்குங்க. ஐயர் அது மேல உட்கார்ந்து ஜெபம் பண்ணட்டும்"னு சொன்னாங்க.

நாங்க வாயைத் திறக்கறதுக்குள்ள நிர்வாகத்துல ரெண்டு பேருக்கு முகமெல்லாம் பூரிப்பு. ஒருத்தர் போனை எடுத்துப் படம் பிடிக்க ஆரம்பிச்சிட்டார். குரூப்புல போடணுமாம், "அரிய உபயம்"னு. இன்னொருத்தர் ஸ்டோர் ரூம் சாவியைத் தேடுறார்.

நாங்க வேணாம்னு சொன்னோம். அக்கா, இதைக் கோயில் வாங்காது, வாங்கவும் கூடாதுன்னு சொன்னோம். அவ்வளவுதான். அன்னிக்கு ராத்திரியில இருந்து எங்களுக்கு அர்ச்சனை. உபயம் கொண்டு வந்த பொம்பளைய வாசல்லயே திருப்பி அனுப்பின பாவிங்களாம். சிவன் புலித்தோல் கட்டியிருக்கார், அது தெரியாத தொண்டர் படையாம். குரூப்புல மூணு நாள் ஓடுச்சு. நாங்க அப்ப பதில் போடல. அந்தக் குடும்பத்துக்குச் சிக்கல் வந்துடக் கூடாதுன்னு வாயை மூடிக்கிட்டு இருந்தோம். இப்ப அந்தத் தோல் போக வேண்டிய இடத்துக்குப் போயிடுச்சு. அதனால இப்ப எழுதுறோம்.

நாங்க வக்கீல் இல்ல. எஸ்பிஎம் முடிச்சதோட ஃபேக்டரிக்கு வந்துட்டோம், இப்ப சூப்பர்வைசர். ஆனா முப்பது வருஷமா சட்டதிட்டத்தோடயே வேலை செய்றோம். எங்க லைன்ல ஒரு ஃபோர்க்லிஃப்ட் இருக்கு. பழைய டிரைவர் ரிட்டயர் ஆனா வண்டி அடுத்தவனுக்குப் போகும். லைசென்ஸ் போகாது. புதுசா வர்றவன் தன் பேருல தனியா எடுக்கணும். எடுக்காம சாவியைத் தொட்டா நாங்க மெமோ கொடுப்போம், அவன் எங்க சொந்த மச்சானா இருந்தாலும் சரி.

இந்த விஷயம் மொத்தமும் அதுதான். பொருள் வாரிசுக்கு வரும். அனுமதி வாரிசுக்கு வராது.

நம்ம ஆளுங்களுக்கு இது தெரியாம இல்ல. தோட்டத்துல காட்டுப்பன்னி விரட்ட லைசென்ஸ் துப்பாக்கி வச்சிருந்த தாத்தா செத்தா என்ன பண்ணினோம்? பேரன் மாட்டிக்கிட்டு திரிஞ்சானா? போலீஸ் ஸ்டேஷன்ல கொண்டு போய் ஒப்படைச்சோம். வீட்டு கிராண்ட், காடி, இபிஎஃப் பணம், எல்லாத்துக்கும் எந்த ஆபிஸ், எந்த ஃபாரம்னு அத்துப்படி. அதே ஆளுங்க புலித்தோல், புலி நகம், யானைத் தந்தம், மான் கொம்புன்னு வந்தா மட்டும், "இது நம்ம அப்பாவோடது, எவன் கேப்பான்"னு மார் தட்டுறாங்க.

கேப்பாங்க. தீபகற்ப மலேசியாவுல இதுக்கு 2010-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருக்கு, சட்டம் 716. அதுல வனவிலங்குகளை ரெண்டு பட்டியலா பிரிச்சிருக்காங்க. பாதுகாக்கப்பட்டது ஒண்ணு, முழுமையா பாதுகாக்கப்பட்டது இன்னொண்ணு. முதல் வகையை வச்சிருக்க லைசென்ஸ் வேணும். ரெண்டாவது வகைக்கு லைசென்ஸ் பத்தாது, அமைச்சர் கொடுக்கற சிறப்புப் பெர்மிட் வேணும். புலி அந்த ரெண்டாவது வகை. உயிரோட இருக்கற மிருகம் மட்டும் இல்ல. அதோட எந்தப் பாகமும், அதுல இருந்து எடுத்த எதுவும் கணக்கு. தோல், பல், நகம், எலும்பு எல்லாம். சபா, சரவாக்கு உறவுகளுக்குத் தனிச் சட்டம். சபாவுக்கு 1997-ல வந்தது, சரவாக்குக்கு 1998-ல வந்தது. அங்க இருக்கறவங்க அதைப் பார்த்துக்கணும்.

சட்டத்துல இருக்கற வார்த்தையைக் கவனிங்க. கொன்னவன் மட்டும் குற்றவாளின்னு இல்ல. வித்தவன், வாங்கினவன் மட்டும்னும் இல்ல. வச்சிருக்கறதே குற்றம். அந்தப் பொருள் உங்க வீட்டு அலமாரியில இருக்கு, உங்க பேருல பெர்மிட் இல்ல, அது போதும். காசு கொடுத்து வாங்கினீங்களா, கல்யாணச் சீரா வந்துச்சா, அப்பா உயில்ல எழுதி வச்சாரா, அதெல்லாம் அப்புறம்.

தண்டனை சின்னது இல்ல. முன்னாடியே புலிக்கு 5 லட்சம் ரிங்கிட் வரைக்கும் அபராதம் இருந்துச்சு. 2022-ல சட்டத்தைத் திருத்தி, கடுமையான பிரிவுகள்ல 10 லட்சம் ரிங்கிட் வரைக்கும் அபராதம், 15 வருஷம் வரைக்கும் சிறைன்னு ஏத்திட்டாங்க. அந்த அக்காவோட மகன் வேலைக்குப் போய் ரெண்டு வருஷம் ஆகுது. அவன் என்ன பண்ணியிருந்தான் தெரியுமா? அம்மாவுக்குத் தெரியாம தோலைப் படம் எடுத்து, "தாத்தா காலத்துப் பொருள், விலை பேசிக்கலாம்"னு ஃபேஸ்புக்ல போட்டிருந்தான். நாங்க அங்கேயே நின்னு அழிக்க வச்சோம். வச்சிருக்கறது ஒரு குற்றம், விக்கப் பாக்கறது அதுக்கு மேல இன்னொண்ணு. எவ்வளவு பெரிய குழியோரம் நின்னுக்கிட்டு இருந்தான்னு அந்தப் பையனுக்கே தெரியல.

இதைத்தான் கோயிலுக்கு உபயமா கொடுக்கச் சொல்றீங்க. கொடுத்தா என்ன ஆகும்? அக்கா வீட்டு அலமாரியில இருந்த குற்றம் கோயில் ஸ்டோர் ரூமுக்கு வரும். ஸ்டோர் ரூம் சாவி யார்கிட்ட இருக்கு? நாளைக்கு யாராவது தகவல் கொடுத்து அதிகாரிங்க வந்து கதவைத் திறக்கச் சொன்னா, அம்மன் வந்து பதில் சொல்லுவாளா? தலைவர், செயலாளர், சாவி வச்சிருக்கற தொண்டர், இவங்கதான் நிக்கணும். பூஜைக்குத்தான் வச்சிருக்கோம்னு சொன்னாலும் அந்தச் சிறப்புப் பெர்மிட் எங்கேன்னுதான் கேப்பாங்க. கோயில் சுவத்துக்குள்ள போயிட்டா சட்டம் வெளியில செருப்பைக் கழட்டிட்டு நிக்கும்னு நினைப்பா?

இன்னொரு கூட்டம் இருக்கு. குரூப்புல வீடியோ போட்ட கூட்டம். தமிழ்நாட்டுல ஒரு வக்கீல் பேசுறாராம், பரம்பரையா வந்த வனவிலங்குப் பொருளை வச்சிக்கலாம்னு. அதை அனுப்பிட்டு எங்களைப் பார்த்து, "சட்டம் தெரியாம பேசாதீங்க"ன்னு ஒரு வரி.

அந்த வக்கீல் சொன்னது தப்பு இல்ல. அது இந்தியச் சட்டம். ஐயா, நாம இருக்கறது மலேசியா. தாத்தா கப்பல்ல வரும்போது அங்க இருந்து முருகனைக் கொண்டு வந்தார், முனியாண்டியைக் கொண்டு வந்தார். அரசாங்கத்தைக் கொண்டு வரல.

சரி, அந்த இந்தியச் சட்டமாவது நீங்க நினைக்கற மாதிரி இருக்கான்னு பாருங்க. அவங்களுக்கு 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம். 2003-ல நடைமுறைக்கு வந்த திருத்தத்துல வாரிசு பத்தித் தெளிவா எழுதியிருக்காங்க. உரிமைச் சான்றிதழ் இல்லாத எவனும் முதல் பட்டியல் விலங்கோட பொருளைப் புதுசா வாங்கவோ வச்சிக்கவோ கூடாது, வாரிசா வந்தா மட்டும் விலக்கு. இது வரைக்கும்தான் நீங்க பார்த்த வீடியோ. அடுத்த வரி என்ன? வாரிசா வந்த நாள்ல இருந்து 90 நாளைக்குள்ள மாநிலத் தலைமை வனவிலங்குக் காப்பாளர்கிட்ட எழுத்துல சொல்லணும். அவங்க விசாரிப்பாங்க. சான்றிதழ் கிடைச்சாலும் விக்கக் கூடாது. அதுவரைக்கும் சொல்லாம வச்சிருந்தவங்களுக்கு 2003-ல ஒரே ஒரு தடவை 180 நாள் அவகாசம் கொடுத்தாங்க. அந்தக் கதவு மூடி இருபது வருஷத்துக்கு மேல ஆச்சு.

வச்சிக்கலாம்னு மட்டும் காதுல விழுந்துச்சு, 90 நாள்னு சொன்னது விழல. அங்கேயே எத்தனை பேர் இதுல மாட்டினாங்க! 2023 அக்டோபர்ல கர்நாடகாவுல ஒரு டிவி நிகழ்ச்சியில கலந்துக்கிட்டவர் கழுத்துல புலி நகப் பதக்கம் போட்டிருந்தார்னு நிகழ்ச்சி நடக்கற இடத்துக்கே போய்க் கைது பண்ணினாங்க. அதுக்கப்புறம் அந்த மாநிலத்துல பல பேர் பயந்து போய்ப் பெட்டியைத் திறந்து பார்த்தாங்க. 2024 ஆரம்பத்துல அரசாங்கமே ஒப்படைக்கறதுக்கு மூணு மாசம் அவகாசம் கொடுக்க வேண்டி வந்துச்சு. கேரளாவுல ஒரு பெரிய நடிகர் வீட்டு யானைத் தந்தத்துக்கு அரசாங்கமே உரிமைச் சான்றிதழ் கொடுத்திருந்துச்சு. 2025 அக்டோபர்ல உயர் நீதிமன்றம் அது செல்லாதுன்னு சொல்லிடுச்சு. காரணம், அதுக்கான அரசு உத்தரவை அரசிதழ்ல முறைப்படி வெளியிடல. பெரிய ஸ்டாருக்கே இந்த நிலைமை. நம்ம வீட்டு அலமாரிக்கு என்ன மரியாதை கிடைக்கும்?

ஜொகூர் பக்கம் இருக்கறவங்க, "சிங்கப்பூர்ல வச்சிக்கலாமே"ன்னு சொல்றாங்க. அங்க 2021 செப்டம்பர் 1-ல இருந்து யானைத் தந்தத்தை விக்கவும் கூடாது, விக்கறதுக்காகக் கடையில வைக்கவும் கூடாது. உங்க சொந்தப் பொருளை வீட்டுல வச்சிக்கறது வேற விஷயம். ஆனா அது அந்த ஊர்ச் சட்டம். இங்க இருக்கற தாத்தா தந்தத்தைப் பையில போட்டுக்கிட்டுக் காஸ்வேயைத் தாண்டலாம்னு நினைச்சா, ரெண்டு பக்கமும் சைட்டிஸ் பெர்மிட்டுன்னு ஒண்ணு குறுக்க நிக்கும். கேக்காம கிளம்பாதீங்க. இந்தியாவுல இருந்து காவடிக்கு மயிலிறகு கட்டுக்கட்டா அள்ளிக்கிட்டு வர்றவங்களுக்கும் இதேதான். மயில் தானா உதிர்த்த இறகை இந்தியாவுக்குள்ள விக்கலாம், வாங்கலாம். நாட்டை விட்டு வெளியில கொண்டு வர அங்க தடை.

இப்ப எங்க கதை. ஊருக்கு உபதேசம் பண்ணிட்டு வீட்டுல ஒளிச்சு வச்சிருக்கோம்னு யாரும் சொல்லக் கூடாது.

எங்க அப்பா பஹாங் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்துல மரம் சீவினவர். அந்தக் காலத்துல விடியக்காலை அஞ்சு மணிக்கு நெத்தியில விளக்கைக் கட்டிக்கிட்டுக் காட்டோரம் போகணும். புலி பயம் நிஜமான பயம். மாட்டை அடிச்சிட்டுப் போகும், ஆளையும் அடிச்சிருக்கு. அப்ப துரைமாருங்க புலி சுடுறதை வீரமா நினைச்சாங்க. சுட்ட புலியை லயத்துக்கு முன்னாடி போட்டுப் படம் எடுப்பாங்க. தோல் துரை பங்களாவுக்குப் போகும். நகம், பல்லு மண்டோர் மூலமா நம்ம ஆளுங்க கைக்கு வரும். எங்க அப்பாவுக்கு அப்படி ஒரு நகம் கிடைச்சு, தங்கத்துல பூண் போட்டுச் சங்கிலியில கோத்தார். எங்க வீட்டுல பிறந்த ஒவ்வொரு பிள்ளைக்கும் முப்பது கழிச்ச அன்னிக்கு அதைக் கழுத்துல போட்டாதான் பாட்டிக்கு நிம்மதி. பயம் அண்டாதாம்.

தீபகற்பத்துல புலியை முழுமையா பாதுகாக்கப்பட்ட விலங்கா ஆக்கினது 1976-ல. அப்பா அதுக்கு முன்னாடி வாங்கினது. அவர் திருடன் இல்ல. இதை அழுத்திச் சொல்றோம், ஏன்னா பல பேருக்கு உள்ளுக்குள்ள உறுத்துறது இதுதான். பொருளை ஒப்படைச்சா அப்பாவைக் குற்றவாளின்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடுமோன்னு நினைக்கறாங்க. ஆகாது. அவர் காலத்துல அவருக்குத் தெரிஞ்ச நியாயப்படி வாழ்ந்தார். இன்னிக்கு அதை வச்சிருக்கறது நாம, அவர் இல்ல.

அப்பா போனதும் சங்கிலி எங்ககிட்ட வந்துச்சு. தம்பிக்கும் எங்களுக்கும் அதுல மனஸ்தாபம்கூட, யார் பிள்ளைக்குன்னு. வெட்கத்தை விட்டுச் சொல்றோம், ஒரு தைப்பூசத்துக்கு பத்துமலைக்கு அதைக் கழுத்துல போட்டுக்கிட்டே போனோம். சட்டைப் பட்டனைத் திறந்து விட்டுக்கிட்டு, பாதுகாப்புக்கு நின்ன போலீஸ்காரருக்கு முன்னாடியே. ஒருத்தரும் கேக்கல. கேக்காததால சரின்னு நினைச்சிட்டோம். அப்புறம் ஃபேக்டரியில வேலை செய்ற மலாய்க்காரத் தம்பி ஒருத்தன் பார்த்துட்டு, அபாங், இது நிஜமா இருந்தா பிரச்சினைன்னு சொன்னான். ராத்திரி உட்கார்ந்து படிச்சுப் பார்த்தோம். கை நடுங்குச்சு.

தங்கத்தைக் கழட்டி எடுத்துட்டு நகத்தை ஒப்படைச்சோம். பாட்டி இருந்திருந்தா எங்களை வீட்டுக்குள்ள விட்டிருக்க மாட்டாங்க. தம்பி ஒரு வருஷம் பேசல. கொடுக்கும்போது மனசு கனத்ததும் உண்மை. அப்பா கழுத்து வேர்வை பட்ட பொருள் அது. அதனால அந்த அக்கா அழுததைப் பார்த்துச் சிரிக்கற ஆள் நாங்க இல்ல.

அடுத்து, நிறைய பேர் கேக்கற கேள்வி. "செத்து அறுபது வருஷம் ஆன புலி. அதோட தோலை ஒப்படைச்சா அது எழுந்து நடக்குமா? இப்ப காட்டுல இருக்கற புலிக்கு இதனால என்ன லாபம்?"

நல்ல கேள்வி. நாங்களும் கேட்டிருக்கோம்.

1950-கள்ல இந்த நாட்டுல 3,000 புலி இருந்திருக்கும்னு ஒரு மதிப்பீடு. 2016-ல இருந்து 2020 வரைக்கும் நடந்த முதல் தேசியப் புலிக் கணக்கெடுப்புல 150-க்கும் குறைவுன்னு வந்துச்சு. நம்ம நாட்டுச் சின்னத்துல ரெண்டு பக்கமும் நிக்கற மிருகம் அது. பெலும்-தெமெங்கோர், தாமான் நெகாரா, எண்டாவ்-ரொம்பின், இந்தக் காடுங்களை நம்பித்தான் இருக்கு. அங்க போய்க் கம்பிக் கண்ணி வைக்கறான். புலியோட கால் மாட்டி நாள்கணக்குல இழுத்து இழுத்துச் சாகும். அந்தத் தோலும் நகமும் சந்தைக்கு வரும்போது விக்கறவன் என்ன சொல்லுவான்? "நேத்து பெலும்ல கண்ணி வச்சு எடுத்தேன்"னா சொல்லுவான்? "தாத்தா காலத்துப் பொருள், பரம்பரையா வந்தது"ன்னுதான் சொல்லுவான். அக்கா மகன் போட்ட அதே வாசகம். பையன் உண்மையைப் போட்டான், கள்ளன் பொய்யைப் போடுவான், எழுத்து ஒண்ணுதான். பதப்படுத்தின தோலைக் கண்ணால பார்த்து வயசு சொல்ல முடியுமா? நகத்தைப் பார்த்து இது 1965, இது 2025-னு சொல்ல முடியுமா? பரம்பரைன்னு சொன்னா விட்டுடணும்னு சட்டத்துல ஒரு ஓட்டை வச்சா, நாட்டுல இருக்கற எல்லா வேட்டைக்காரனுக்கும் அடுத்த நாளே ஒரு தாத்தா பிறந்துடுவார்.

சட்டம் ஏன் வச்சிருக்கறவனைப் பிடிக்குதுங்கறது எங்களுக்கு அப்பதான் புரிஞ்சுது. நம்மளைத் துன்புறுத்த இல்ல. நம்ம தாத்தா பேரை எவனோ ஒரு திருடன் தன் சரக்குக்கு லேபிளா ஒட்டிடக் கூடாதுன்னுதான்.

இன்னொண்ணு. சந்தையில புலி நகம்னு விக்கறதுல எத்தனையோ மாட்டுக் கொம்பைச் செதுக்கினது. உங்க அலமாரியில இருக்கறதும் அப்படி இருக்கலாம். அதைத் துறைக்காரங்க சோதிச்சுச் சொல்லட்டும். "போலியாத்தான் இருக்கும்"னு நீங்களே தீர்ப்பு எழுதிக்கிட்டு மறுபடியும் அலமாரியில வைக்காதீங்க.

சிவன் கதைக்கு வருவோம். தாருகாவனத்து முனிவர்ங்க ஆணவத்துல ஏவி விட்ட புலியைச் சிவன் உரிச்சு உடுத்தினார். ஆணவத்தை அடக்கின கதை அது. அவர் அதைத் தோட்டத்துல மண்டோர்கிட்ட வாங்கவும் இல்ல, பிள்ளையாருக்கு உயில் எழுதி வைக்கவும் இல்ல. அம்மன் புலி மேல வர்றா, ஐயப்பன் புலி மேல வர்றான். உயிரோட இருக்கற புலி மேல. தோலை விரிச்சு அது மேல இல்ல. ஜெபத்துக்கு ஆசனம் வேணுமா, தர்ப்பைப் பாய் இருக்கு, கம்பளி இருக்கு. கோலாலம்பூர்ல சாமான் கடையில தர்ப்பாசனம் கிடைக்குது. எங்க செலவுலயே வாங்கித் தர்றோம். மந்திரம் பலிக்கலன்னா வந்து கேளுங்க.

இவ்வளவும் நம்ம ஆளுங்களைத் திட்டினது. அரசாங்கத்தையும் ஒரு வார்த்தை கேக்கணும், இல்லன்னா நியாயம் ஆகாது.

தெரியாம வாரிசா வந்தவனையும் தெரிஞ்சே கடத்தினவனையும் ஒரே வாசல்ல நிக்க வைக்கறீங்க. அப்பா செத்த துக்கத்துல அலமாரியைத் திறக்கற மகளுக்கு, இன்ன நாளைக்குள்ள இங்க வந்து கொடு, ஒரு தாள் எழுதிக் கையெழுத்துப் போடு, உன்மேல வழக்கு வராதுன்னு ஊரறியச் சொல்லுங்க. 90 நாளோ, ஆறு மாசமோ. மலாய், தமிழ், சீனம் எல்லாத்துலயும் அடிச்சு, மரணப் பத்திரம் எடுக்கற கவுண்டர்ல வைங்க, கோயில்ல, பள்ளிவாசல்ல, தோக்கோங்ல ஒட்டுங்க. எங்க தோட்டத்துக்கோ எங்க கோயிலுக்கோ இதைப் பத்தி இதுவரைக்கும் யாரும் வந்து பேசினது இல்ல. பயந்தவன் என்ன செய்றான்? ராத்திரியோட ராத்திரியா எரிக்கறான், ஆத்துல விடுறான், இல்லன்னா எவனோ ஒரு தரகனுக்கு ஐந்நூறு வெள்ளிக்குத் தள்ளி விடுறான். அந்தத் தரகனுக்குத்தான் லாபம். பயமுறுத்தினா பொருள் வெளியில வராது, இன்னும் ஆழமா உள்ள போகும். ஃபேக்டரியில நாங்க கண்ட உண்மை இது. தப்பைச் சொன்னா தலையை வெட்டுவேன்னு சொல்ற சூப்பர்வைசருக்கு எவனும் தப்பைச் சொல்ல மாட்டான். ரிஜெக்ட் எல்லாம் பெட்டிக்கு அடியில போயிடும்.

அந்தக் கதவு எப்ப திறக்கும்னு தெரியாது. அதுவரைக்கும் சும்மா இருக்க முடியாது.

வீட்டுல இந்த மாதிரி பொருள் இருந்தா முதல்ல விக்காதீங்க, யாருக்கும் கொடுக்காதீங்க, படம் எடுத்து எங்கயும் போடாதீங்க. காடியில தூக்கிப் போட்டுக்கிட்டுக் கிளம்பவும் கூடாது. வழியில ரோட் பிளாக்ல மாட்டினா ஒப்படைக்கத்தான் போறேன்னு சொன்னா யார் நம்புவா? முதல்ல பெர்ஹிலித்தானைக் கூப்பிடுங்க, 1-800-88-5151. யார் வச்சிருந்தது, எப்ப செத்தார், எங்க இருந்து கிடைச்சுதுன்னு உள்ளதைச் சொல்லுங்க. மரணப் பத்திரத்தைக் கையில வச்சிக்குங்க. பழைய படம் ஏதாவது இருந்தா எடுத்து வைங்க. தாத்தா அந்தச் சங்கிலியோட நிக்கற கல்யாணப் படம் மாதிரி. பெரிய பொருளா இருந்தா முதல்ல ஒரு வக்கீலைப் பாருங்க, வெட்கப்படாதீங்க. கொடுத்ததுக்கு எழுத்துல தாள் வாங்காம வராதீங்க.

கோயில் நிர்வாகங்களுக்கு. வர்ற ஞாயித்துக்கிழமை எங்க ஆலயக் கூட்டத்துல ஒரு தீர்மானம் கொண்டு வர்றோம். வனவிலங்கோட எந்தப் பாகத்தையும் ஆலயம் உபயமா ஏத்துக்காது, ஏற்கனவே ஸ்டோர் ரூம்லயோ கர்ப்பக்கிரகத்துலயோ இருக்கறதை ஒரு மாசத்துக்குள்ள பட்டியல் போட்டுத் துறைக்கு எழுதிக் கொடுக்கும். முன்மொழியறது நாங்க. வழிமொழிய ஆள் கிடைச்சாச்சு. எதிர்க்கறவங்க இருக்காங்க, எங்களுக்கும் தெரியும். கையை ஒளிச்சு ஓட்டுப் போட விட மாட்டோம். யார் ஸ்டோர் ரூம் சாவியை வாங்கிக்கத் தயாரோ அவங்க எழுந்து நின்னு எதிர்க்கட்டும், மினிட்ஸ்ல பேர் எழுதிக்கறோம்.

அந்த அக்கா வீட்டுக்கு அதிகாரிங்க வந்தப்ப நாங்களும் கூட இருந்தோம். பகல் ஷிஃப்ட், லீவு போட்டுட்டுப் போனோம். தோலை விரிச்சு அளந்தாங்க, படம் எடுத்தாங்க, அக்கா சொன்னதை எழுதிக் கையெழுத்து வாங்கினாங்க. மகன் ஒரு மூலையில தலையைக் குனிஞ்சுக்கிட்டு நின்னான். எல்லாத்தையும் கட்டி எடுத்துக்கிட்டுக் கிளம்பும்போது அக்கா அதிகாரியைக் கூப்பிட்டு, தலையணை உறையை மட்டும் திருப்பித் தர முடியுமான்னு கேட்டாங்க. அது அவங்க அம்மா பூ வேலை போட்டதாம். அந்தம்மா உடனே கழட்டி, உதறி, மடிச்சுக் கொடுத்துட்டுப் போனாங்க.